தார் சுற்றும் சத்தம்

சினிமாவை நான் எங்கும் போய்ப் படிக்கவில்லை. பழைய கேமரா ஒன்றை வாங்கி, சென்னிமலையில் எங்கள் வீட்டுக் குழித்தறியைப் படம் எடுக்கத் தொடங்கினேன். அப்பா தவறிய பிறகு அந்தத் தறி ஓடவில்லை.

அம்மாவை நாற்காலியில் உட்காரவைத்துக் கேள்வி கேட்டதுதான் நான் செய்த முதல் தவறு. "அப்பாவைப் பத்திச் சொல்லுங்கம்மா" என்றால், "சொல்றதுக்கு என்ன இருக்குது கண்ணு, நல்ல மனுசன்" என்று முடித்துவிடுவார். ஆறு மாதம் இப்படியே போனது. போட்டுப் பார்த்தால், டியூப் லைட் வெளிச்சத்தில் எடுத்ததெல்லாம் கருப்புப் பட்டை பட்டையாக ஓடியது. நம் ஊர் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். ஷட்டரை 1/50 அல்லது 1/100-இல் வைத்தால் இந்தத் தொல்லை பெரும்பாலும் இராது. இதை யாரும் எனக்குச் சொல்லவில்லை.

பக்கத்து வீட்டுத் தறிகளுக்கு, நாடாவுக்குள் வைக்கும் ஊடை நூலை அம்மா ராட்டையில் தாராகச் சுற்றிக் கொடுப்பார். ஒருநாள் கேமராவை மூடிவிட்டு, அவருக்குத் தெரியவே ரிக்கார்டரை ராட்டைக்குப் பக்கத்தில் வைத்துவிட்டு, நூல் எடுத்துக் கொடுத்துக்கொண்டிருந்தேன். ராட்டை சுற்றச் சுற்ற அவராகவே பேச ஆரம்பித்தார். நூல் அறுந்தால் பேச்சு நிற்கும். விரலில் எச்சில் தொட்டு முடிச்சுப் போட்டதும், விட்ட இடத்திலிருந்து தொடரும். அந்த மௌனங்களை நான் வெட்டவே இல்லை. படத்தின் தாளமே அதுதான்.

அன்றிலிருந்து எனக்கு ஒலிதான் முதலில். எங்கே போனாலும், யாரும் பேசாத அறையின் சத்தத்தை ஒரு நிமிடமாவது பதிந்துகொள்கிறேன். வெவ்வேறு நாளில் எடுத்த பேச்சை ஒட்டும்போது அதுதான் கைகொடுக்கும்.

வெறும் தறிக்குழி, அதன்மேல் அம்மாவின் குரல். முகமே காட்டாமல் இவ்வளவு நேரம் ஓட்டலாமா என்று தயங்கினேன். அறுவடை முடிந்த வயலில் உதிரி பொறுக்குகிறவர்களைப் பற்றி ஆக்னஸ் வர்தா 2000-இல் எடுத்த படம்தான் தைரியம் கொடுத்தது. ஒரு கையில் சின்ன டிஜிட்டல் கேமராவைப் பிடித்தபடி, சுருக்கம் விழுந்த தன் மறு கையையே அதில் எடுத்திருப்பார்.

படம் எடுக்கும்போது பின்னணியில் ரேடியோ பாடினால் அணைத்துவிடுங்கள்; பிறகு அந்தப் பாட்டுக்கும் உரிமை வாங்க வேண்டிவரும். ஜோனதன் கவெட் 'டார்னேஷன்' (2003) படத்தைச் சுமார் 218 டாலரில் தன் கம்ப்யூட்டரிலேயே முடித்தார். திரையரங்குக்குக் கொண்டுவரும்போது பாட்டு உரிமை முதலிய செலவுகள் லட்சக்கணக்கான டாலருக்குப் போயின.

வெளியே காட்டும் முன் அம்மாவுக்குத்தான் முதலில் போட்டுக் காட்டினேன். அப்பாவின் கடைசி வருடத்தைப் பற்றி அவர் பேசிய மூன்று நிமிடம், எனக்கு அந்தப் படத்தின் உயிர். பார்த்து முடித்ததும், "அது மட்டும் வேண்டாங் கண்ணு" என்றார். ஏன் என்று நான் கேட்கவில்லை.

படம் இப்போது 22 நிமிடம். அந்த மூன்று நிமிடம் அதில் இல்லை. என் ஹார்டு டிஸ்கிலும் இல்லை.