கடைசி பஸ் எத்தனை மணிக்கு?

அன்புள்ள கயல்,

நர்சிங் படிப்பில் இடம் கிடைத்ததை அம்மா சொன்னாள். அத்தைக்கு அவ்வளவு சந்தோஷம். “அரசு ஆஸ்பத்திரியில் எல்லாம் இலவசம்தானே, பிறகு ஏன் மலைவாழ் மக்கள் நோய் முற்றிய பிறகே வருகிறார்கள்?” என்று போனில் கேட்டாயே, அதற்குத்தான் இந்தக் கடிதம்.

நீலகிரி மாவட்டத்துக் கூடலூரை எடுத்துக்கொள். பணியர், காட்டுநாயக்கர், பெட்டக் குறும்பர், முள்ளுக் குறும்பர் எல்லாம் வாழும் பகுதி. தோட்டத்தில் தினக்கூலிக்குப் போகும் பணியர் பெண் ஒருத்தி, காய்ச்சலில் கிடக்கும் குழந்தையைத் தூக்கி வந்தால் அன்றைய கூலி போச்சு. துணைக்கு வரும் கணவனின் கூலியும் போச்சு. 108 ஆம்புலன்ஸைக் கூப்பிட போனில் சிக்னல் வேண்டும். வண்டி வந்து சேர ரோடு வேண்டும். முதலமைச்சர் காப்பீட்டு அட்டைக்கு ரேஷன் கார்டும் வருமானச் சான்றும் கேட்பார்கள்.

இத்தனையும் தாண்டி வந்தவளை, “ஏன் இவ்வளவு லேட்டா வந்தே?” என்று வரிசையில் எல்லார் முன்னாலும் அதட்டினால் அடுத்த முறை வருவாளா? முற்றிய பிறகு வருகிறவர்களில் பலர் பிழைப்பதில்லை. அதைப் பார்க்கும் ஊர், ஆஸ்பத்திரிக்குப் போனால் திரும்ப முடியாது என்று நினைத்துக்கொள்கிறது. அந்தப் பயத்தை அறியாமை என்று யாராவது சொன்னால் எனக்குக் கோபம் வரும்.

இந்த மக்களிடையே அரிவாள் செல் சோகை உண்டு. பரம்பரையாக வருவது. சிவப்பணுக்கள் அரிவாள்போல் வளைந்து சிறு ரத்தக்குழாய்களை அடைத்துவிடும். எலும்பெல்லாம் உயிர் போகிற வலி. வெளியே காயம் எதுவும் தெரியாது. அதனால் வெறும் வலி மாத்திரையோடு திருப்பி அனுப்பிவிடும் ஆபத்து உண்டு. ரத்தப் பரிசோதனையில் நோய் தெரிந்துவிடும். ஹைட்ராக்ஸியூரியா தொடர்ந்து கொடுத்தால் வலி வருவது வெகுவாகக் குறையும். மாத்திரை தீர்வதற்குள் நோயாளி மறுபடி வரவேண்டும். வருவதும் வராததும் ஆஸ்பத்திரியில் நாம் பேசுகிற விதத்தில் பாதி இருக்கிறது.

கூடலூரில் ‘அஸ்வினி’ அமைப்பு 1990-இல் ஆதிவாசி மருத்துவமனையைத் தொடங்கியது. அதற்கு முன்பே ஊர் ஊராகச் சுகாதாரப் பணியாளர்களைப் பயிற்றுவித்திருந்தார்கள். ஆதிவாசிப் பெண்களே அங்கே நர்ஸ்கள். தன் மொழி பேசும் பெண் ஊசியோடு வந்து நிற்கும்போது பயம் பாதி இறங்கிவிடும்.

உனக்கு அந்த மொழிகள் தெரியாது, பரவாயில்லை. வார்டில் இப்படி ஒருத்தி முன் நின்றதும் முதலில், சாப்பிட்டாளா, வீட்டில் குழந்தைகளை யார் பார்த்துக்கொள்கிறார்கள் என்று கேள். டிஸ்சார்ஜ் சீட்டை மாலையில் நீட்டுவதற்கு முன், அவள் ஊருக்குக் கடைசி பஸ் எத்தனை மணிக்கு என்று விசாரி. போய்விட்டிருந்தால் அன்றிரவு தங்க இடம் கேட்டு டாக்டரிடம் நீயே பேசு.

அன்புடன்,
அத்தை