உங்க மதர்போர்டோட பேரு என்ன?

மேல்சித்தாமூர்ல எங்க வீட்டு டெஸ்க்டாப் திடீர்னு ஆன் ஆகல. "போர்டு போச்சு, புதுசு வாங்குங்க"ன்னாங்க. அப்பாகிட்ட பணம் கேட்க மனசு வரல. ஸ்கிமேட்டிக் தேடினேன். நீங்களும் தேடணுமா? இதோ வழி:

1. பவர் கேபிளைக் கழற்றிட்டு, ராம், பிசிஐ ஸ்லாட்டுகள் பக்கத்துல போர்டுலயே அச்சடிச்ச மாடல் எண்ணைப் பாருங்க. கேபினெட் மேல இருக்கிற பேரை நம்பாதீங்க.

2. ரிவிஷன் எண்ணும் முக்கியம். அது மாறினா சர்க்யூட்டும் மாறலாம்.

3. இரண்டையும் சேர்த்து "ஸ்கிமேட்டிக்" அல்லது "போர்டுவியூ"ன்னு தேடுங்க. கம்பெனிகள் பெரும்பாலும் வெளியிடாது. கிடைச்சா, முதல் பக்கத்து எண் ஒத்துப்போகுதான்னு சரிபாருங்க.

4. கிடைக்கலன்னா, சூப்பர் ஐஓ சிப் எண்ணை வச்சு டேட்டாஷீட் தேடுங்க.

ஸ்கிமேட்டிக்ல பவர் பக்கத்தைப் பார்த்ததும் புரிஞ்சது: முதல்ல அளக்க வேண்டியது 24 பின் கனெக்டரோட 9-ஆம் பின், ஊதா வயர். கேபிளை மாட்டினா, சுவிட்ச் அழுத்தாமலே அங்க 5 வோல்ட் இருக்கணும். கனெக்டரைப் போர்டுல இருந்து கழற்றி அளந்தும் எனக்கு வரல. செத்தது போர்டு இல்ல, எஸ்எம்பிஎஸ்!