வேலை முடிஞ்சது, பில் எங்கே?

சிவில்ல நாலு வருஷம் படிச்சுட்டோம். எஸ்டிமேஷன் பேப்பரில் ரேட் போடத் தெரியும். அந்த ரேட்டுக்குப் பணம் வரலைன்னா என்ன செய்யணும்? எந்த செமஸ்டரிலும் இது இல்லை. எனக்கு இந்தப் பாடம் வீட்டில்தான் கிடைத்தது.

என் சித்தப்பா சின்ன கான்ட்ராக்டர். ஒரு அரசு வேலையில் சிறுபாலம் கட்டிக்கொண்டிருந்தபோது அதிகாரி ஒருவர், "பக்கத்துல ஒரு தடுப்புச்சுவரும் கட்டிடுங்க, பேப்பர் அப்புறம் போட்டுக்கலாம்" என்றார். கட்டினார். பேப்பரும் வரல, பணமும் வரல. கேட்டால் "ஃபண்டு வரட்டும்" என்பார்கள். "கேஸ் போட்டா அடுத்த டெண்டர் கிடைக்காதுடா" என்று சித்தப்பாவும் பொறுமையாக இருந்தார். கடைசியில் போய்ப் பார்த்த வக்கீல் தொகையைக் கேட்கவே இல்லை. "வேலை என்னைக்கு முடிஞ்சது?" என்றுதான் முதலில் கேட்டார்.

ஏன் அந்தக் கேள்வி? வாங்க பார்ப்போம்.

முதலில், காலக்கெடு. 1963ஆம் ஆண்டின் காலவரையறைச் சட்டப்படி, செய்த வேலைக்குப் பணம் கேட்டு வழக்குப் போட 3 வருஷம்தான். பணம் தரும் தேதி குறிக்கப்படாத வேலை என்றால், வேலை முடிந்த நாளிலிருந்தே எண்ண வேண்டும். நாம் எத்தனை நினைவூட்டல் கடிதம் போட்டாலும் அந்தக் கணக்கு நிற்காது. ஆனால் அந்த 3 வருஷத்துக்குள் "பாக்கி இருக்கிறது" என்று அவர்கள் எழுதிக் கையெழுத்துப் போட்டால், அன்றிலிருந்து புதுக்கணக்கு.

இரண்டாவது, எங்கே போவது? ஒப்பந்தத்தில் ஆர்பிட்ரேஷன் ஷரத்து இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால், எதிர்த்தரப்பு கேட்டதும் நீதிமன்றம் நம்மை அங்கேயே அனுப்பிவிடும். அங்கேயும் அதே காலவரையறைச் சட்டம்தான். ஷரத்து இல்லையென்றால் சிவில் வழக்கு. அரசு மீது வழக்கு என்பதால், சிவில் நடைமுறைச் சட்டம் 80ஆம் பிரிவின்படி நோட்டீஸ் கொடுத்து 2 மாதம் காத்திருக்க வேண்டும். அந்த 2 மாதம் 3 வருஷத்தில் சேராது. கட்டுமான ஒப்பந்தத் தகராறில் தொகை 3 லட்சமோ அதற்கு மேலோ என்றால் வணிக நீதிமன்றம். அவசர இடைக்கால உத்தரவு தேவைப்படாத வழக்குகளில் அங்கே முதலில் சமரசப் பேச்சுக்குப் போயாக வேண்டும்.

மூன்றாவது, நேரா ஹைகோர்ட்டில் ரிட் போடலாமா? அரசியலமைப்பின் 226ஆம் பிரிவு வழி தருகிறது, ஆனால் எல்லோருக்கும் இல்லை. ஒப்பந்த ஷரத்துக்குப் பொருள் சொல்லும் தகராறுக்கு ரிட் இடமல்ல என்று 2000இல், ஒரு கேரள அணை கான்ட்ராக்டர் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. பிறகு ஏபிஎல் இன்டர்நேஷனல் வழக்கில், அரசு நியாயமில்லாமல் நடந்தால் ஒப்பந்த விஷயத்திலும் ரிட் செல்லும் என்றது. அளவிலேயே தகராறு என்றால் ரிட்டில் தேறுவது கஷ்டம். பில்லை அவர்களே ஒத்துக்கொண்டு பணம் மட்டும் தராமல் இருந்தால் வாய்ப்பு அதிகம்.

நான்காவது, சித்தப்பாவின் சுவர் மாதிரி பேப்பரே இல்லாத வேலை. 1944இல் வங்காளத்தில், அதிகாரிகள் கேட்டார்கள் என்று பி.கே. மண்டல் நிறுவனம் அரசுக்குக் கிடங்கு கட்டிக்கொடுத்தது. முறையான ஒப்பந்தம் இல்லை. 1961 டிசம்பரில் உச்ச நீதிமன்றம், ஒப்பந்தச் சட்டம் 70ஆம் பிரிவின்படி அரசு ஈடு தர வேண்டும் என்று தீர்ப்பளித்தது. இலவசமாகச் செய்யும் எண்ணம் இல்லாமல், சட்டத்துக்கு உட்பட்டுச் செய்த வேலையின் பலனை எதிர்த்தரப்பு அனுபவித்திருந்தால் போதும். ஏற்கெனவே ஒப்பந்தத்துக்குள் வரும் வேலைக்கு மட்டும் இந்த வழி கிடையாது.

சித்தப்பாவுக்கு 4 மாதம்தான் மிச்சம் இருந்தது. நோட்டீஸ் போயிருக்கிறது. கையில் இருப்பது தேதியோடு எடுத்த சைட் போட்டோக்களும் சிமென்ட் பில்களும் மட்டும்தான். பணம் வருமா என்று இன்னும் தெரியாது.

அடுத்த வருஷம் நம்மில் பலர் சைட்டில் இருப்போம். வாய்மொழியாக யாராவது கூடுதல் வேலை சொன்னால், அன்று சாயங்காலமே "இன்று நீங்கள் சொன்னபடி" என்று ஒரு மெயில் போட்டுவிடுங்கள். எம்.புக்கில் அளவு ஏறியதா என்று பாருங்கள். "இனி எந்தப் பாக்கியும் இல்லை" என்ற வரி ஃபைனல் பில்லில் இருந்தால் படிக்காமல் கையெழுத்துப் போடாதீர்கள்.

நம்மில் சிலர் மேஜையின் அந்தப் பக்கமும் உட்காருவோம். அப்போது "பேப்பர் அப்புறம் போட்டுக்கலாம்" என்று மட்டும் சொல்லிடாதீங்க.