மாதத் தவணையும் முழுக் கணக்கும்
வீட்டுக் கடன் பற்றி ஒரு பாடம்

 

சொந்தமாக ஒரு வீடு வேண்டும் என்று ஆசைப்படுவது தவறல்ல. விசாலமான இல்லத்தை மனிதனுக்கு வாய்க்கும் நற்பேறுகளில் ஒன்றாக அண்ணல் நபி (ஸல்) அவர்கள் எண்ணிக் கூறியிருக்கின்றார்கள். ஆம்பூர், வாணியம்பாடி, பேர்ணாம்பட்டு, மேல்விஷாரம் முதலான நம் ஊர்களில் டேனரியிலும் ஷூ கம்பெனியிலும் உழைக்கும் குடும்பங்கள், "இந்த வாடகையைத் தவணையாகக் கட்டினால் வீடாவது நமக்கு மிஞ்சுமே" என்று பேசிக்கொள்வதை அன்றாடம் கேட்கிறோம்.

அந்தப் பேச்சில் ஒரு குறை இருக்கிறது. வாடகையையும் தவணையையும் மாதக் கணக்கில் ஒப்பிடுகிறோம். கடனோ ஒரு மாதத்தில் தீர்வதன்று. பதினைந்து, இருபது, முப்பது ஆண்டுகள் நம்முடனே குடியிருப்பது. வட்டி ஹராம் என்பது நம் வீட்டுக் குழந்தைகளும் அறிந்த செய்தி. ஆனால் அந்த வட்டி எங்கே, எவ்வளவு இருக்கிறது என்று கணக்கிட்டுப் பார்க்கும் பழக்கம் பெரியவர்களிடமும் குறைவு. ஆகவே ஒரு காகிதமும் பேனாவும் எடுத்து வைத்துக்கொண்டு இப்பாடத்தைப் படியுங்கள்.

எழுதி வைக்கச் சொன்ன மறை

திருக்குர்ஆனின் மிக நீண்ட வசனம் எதைப் பற்றியது தெரியுமா? கடனைப் பற்றியது. ஸூரத்துல் பகராவின் 282-ஆம் வசனம், தவணை குறித்த கடனை எழுத்தில் வைக்கவும் சாட்சிகளை வைத்துக்கொள்ளவும் கட்டளையிடுகிறது. அதற்கு இரண்டு வசனங்கள் முன்னால், கடன்பட்டவர் சிரமத்தில் இருந்தால் வசதி வரும் வரை அவகாசம் கொடுக்கும்படி சொல்லப்படுகிறது. அடுத்த 283-ஆம் வசனம் அடமானத்தைப் பற்றிப் பேசுகிறது. எனவே கடன் வாங்குவதோ அடமானம் வைப்பதோ தம்மளவில் விலக்கப்பட்டவை அல்ல. நபி (ஸல்) அவர்களே தம் கவசத்தை ஒரு யூதரிடம் அடமானம் வைத்து வாற்கோதுமை வாங்கியிருக்கின்றார்கள்.

ஆயினும் கடனை அவர்கள் இலேசாகக் கருதியதில்லை. கடனாளியாக மரணமடைந்த ஒருவரின் ஜனாஸா கொண்டுவரப்பட்டபோது, அபூ கதாதா (ரலி) அவர்கள் அக்கடனுக்குப் பொறுப்பேற்ற பிறகே தொழுகை நடத்தினார்கள். அது சில தீனார்கள்தாம். நாம் பேசப்போவதோ லட்சங்களைப் பற்றி.

இருபது லட்சத்தின் கணக்கு

ஒருவர் வங்கியில் ரூ. 20 லட்சம் வீட்டுக் கடன் வாங்குகிறார் என்று வைத்துக்கொள்வோம். வட்டி ஆண்டுக்கு 9 விழுக்காடு. தவணைக் காலம் 20 ஆண்டுகள். மாதத் தவணை ரூ. 17,995 வரும்.

இதை 240 மாதங்களால் பெருக்கிப் பாருங்கள். ஏறத்தாழ ரூ. 43 லட்சத்து 19 ஆயிரம். வாங்கியது 20 லட்சம். வட்டி மட்டும் 23 லட்சத்து 19 ஆயிரம். ஒரு வீடு கட்டி, இரண்டு வீட்டுக்கு மேல் விலை கொடுத்திருக்கிறோம்.

இதைவிடக் கவனிக்க வேண்டியது ஒன்றுண்டு. முதல் மாதத் தவணையில் ரூ. 15,000 வட்டிக்குப் போகிறது. அசலில் கழிவது ரூ. 2,995 மட்டுமே. முதல் ஆண்டு முழுவதும் கட்டியது ரூ. 2,15,940. அசலில் குறைந்தது சுமார் ரூ. 37,450. பத்தாண்டுகள் ஒரு மாதமும் தவறாமல் கட்டினால், கட்டிய தொகை 21 லட்சத்து 59 ஆயிரத்தைத் தாண்டிவிடும். அதாவது வாங்கியதற்கு மேலேயே கொடுத்தாகிவிட்டது. அப்போதும் நிற்கும் கடன் ரூ. 14 லட்சத்து 20 ஆயிரம்! அசலில் பாதி தீர்வதற்கு 14 ஆண்டுகள் ஆகின்றன.

இதில் வங்கி செய்யும் சூது ஏதுமில்லை. நிலுவையில் நிற்கும் அசலுக்கு மாதந்தோறும் வட்டி போடப்படுகிறது. தொடக்கத்தில் அசல் பெரிதாக இருப்பதால் வட்டியும் பெரிதாக இருக்கிறது. வட்டி எடுத்ததுபோக மிஞ்சுவதுதான் அசலுக்குப் போகும். இந்த முறையைப் புரிந்துகொண்டால் அடுத்த கணக்கு எளிதாகும்.

தவணை குறைந்தால் சுமை குறையுமா?

"மாதம் அவ்வளவு கட்ட முடியாது" என்று சொன்னால், "காலத்தை நீட்டிக்கொள்ளலாம்" என்ற பதில் வரும். அதே 20 லட்சத்தை 30 ஆண்டுகளுக்கு நீட்டினால் தவணை ரூ. 16,092 ஆகிறது. மாதம் மிச்சமாவது ரூ. 1,903. ஆனால் மொத்த வட்டி 23 லட்சத்திலிருந்து ஏறத்தாழ 38 லட்சமாக ஏறிவிடுகிறது. மாதம் இரண்டாயிரத்துக்கும் குறைவான ஆறுதலுக்காகப் பதினான்கே முக்கால் லட்சம் கூடுதலாகக் கொடுக்கிறோம். நம் பிள்ளைகளின் வருமானத்திலிருந்தும் கொடுக்கிறோம்.

மாறாக 15 ஆண்டுகள் என்றால் தவணை ரூ. 20,285, மொத்த வட்டி சுமார் 16 லட்சத்து 51 ஆயிரம். 10 ஆண்டுகள் என்றால் தவணை ரூ. 25,335, வட்டி சுமார் 10 லட்சத்து 40 ஆயிரம். தவணை மட்டும் தெரிந்தவருக்கு 30 ஆண்டே இலகுவானது. கூட்டிப் பார்த்தவருக்கு அதுவே மிகக் கடினமானது.

இன்னொரு செய்தி. நம் நாட்டு வீட்டுக் கடன்களில் பெரும்பாலானவை மாறும் வட்டி உடையவை. 2022 மே மாதம் தொடங்கி 2023 பிப்ரவரிக்குள் ரிசர்வ் வங்கி தன் ரெப்போ வட்டியை 4 விழுக்காட்டிலிருந்து 6.5 விழுக்காடாக உயர்த்தியது. 2022 தொடக்கத்தில் 7 விழுக்காட்டில் 20 லட்சத்தை 20 ஆண்டுக்கு வாங்கியவரின் தவணை ரூ. 15,506. வட்டி 9.5 விழுக்காடு ஆனபோது 20 லட்சத்துக்கு ஒரு மாத வட்டி மட்டுமே ரூ. 15,833. தவணை வட்டிக்கே போதவில்லை! இப்படித்தான் பலருடைய கடன் காலம் நீண்டது. தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா என்று கடனாளியிடம் கேட்க வேண்டுமென 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி கட்டளையிட்டது. 2025-இல் ரெப்போ வட்டி குறைக்கவும் பட்டது. ஏறினாலும் இறங்கினாலும், கையெழுத்திடும் நாளில் முழுத் தொகை எவ்வளவு என்பது நமக்கும் தெரியாது, வங்கிக்கும் தெரியாது.

தோல் தொழிலும் இருபது ஆண்டும்

தவணை மாதந்தோறும் வரும். நம் பகுதியின் வருமானம் அப்படி வருவதன்று. 1996 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம், குறித்த நாளுக்குள் கழிவுநீர்ச் சுத்திகரிப்புக்கு ஏற்பாடு செய்யாத டேனரிகளை மூட ஆணையிட்டது. 2008-இல் உலகச் சந்தை சரிந்தது. 2020-இல் ஊரடங்கு வந்தது. 2025 ஆகஸ்டில் அமெரிக்கா இந்தியப் பொருள்களுக்கு 50 விழுக்காடு வரி விதித்தது. வெளிநாட்டு ஆர்டரை நம்பி வாழும் ஊரில், இருபது ஆண்டுக் கடன் எடுத்தவர் இத்தகைய சோதனை ஒன்றையேனும் சந்திக்காமல் அக்கரை சேர்வது அரிது.

தவணை நின்று 90 நாள் கடந்தால் அது வாராக் கடன் ஆகிறது. 2002-ஆம் ஆண்டுச் சட்டப்படி 60 நாள் நோட்டீஸ் கொடுத்தபின் அடமான வீட்டைக் கைப்பற்ற வங்கிக்கு வழியுண்டு. சிரமத்தில் இருப்பவருக்கு வசதி வரும் வரை அவகாசம் கொடுங்கள் என்ற மறையின் கட்டளையை இதன் பக்கத்தில் வைத்துப் பாருங்கள்.

"நாங்கள் வட்டிக்கே போவதில்லை"

வங்கிப் பக்கமே போகாத குடும்பங்களும் உண்டு. அவர்கள் வீட்டைப் போக்கியத்துக்கு விடுகிறார்கள், அல்லது போக்கியத்துக்கு எடுக்கிறார்கள். "இதில் வட்டியும் இல்லை, வாடகையும் இல்லை" என்பது அவர்கள் சொல்லும் சமாதானம். இதையும் கணக்குப் பார்ப்போம்.

ஒருவர் ரூ. 5 லட்சம் பெற்றுக்கொண்டு வீட்டை மூன்றாண்டு போக்கியத்துக்கு விடுகிறார். அவ்வீட்டின் ஊர் வாடகை மாதம் ரூ. 6,000. பணம் கொடுத்தவர் 36 மாதம் வாடகையின்றி இருந்துவிட்டு, முழு 5 லட்சத்தையும் திரும்பப் பெறுகிறார். அவர் அனுபவித்தது ரூ. 2,16,000. அது ஆண்டுக்கு ரூ. 72,000, நூற்றுக்குப் பதினான்கு ரூபாய் நாற்பது காசு. வங்கியின் 9 விழுக்காட்டுக்கு அஞ்சி ஓடியவர், 14.4 விழுக்காட்டில் வந்து விழுந்திருக்கிறார். வட்டி என்ற பெயர் இல்லாததால் அவருக்கு அது தெரியவில்லை.

கடன் கொடுத்தவர் அக்கடனைக் காரணமாக வைத்து ஆதாயம் பெற்றால் அதுவும் வட்டியின் இனமே என்பது ஃபிக்ஹ் கலையில் நெடுங்காலமாக நின்று வரும் விதி. அடமானம் என்பது கடனுக்குப் பாதுகாப்பு. கொடுத்தவர் அனுபவிப்பதற்கான பண்டம் அன்று. எனவே, "நான் வாங்கவில்லை, கொடுக்கத்தான் செய்தேன்" என்று போக்கியத்துக்கு எடுத்தவர் நிம்மதியாக இருந்துவிட முடியாது. மகளின் திருமணத்துக்கோ மருத்துவச் செலவுக்கோ அவசரப்பட்டு வீட்டை விட்டவரின் நெருக்கடியில் கிடைத்த ஆதாயம் அது.

இதற்கு ஒரு திருத்தம் உண்டு. 1882-ஆம் ஆண்டின் சொத்து மாற்றுச் சட்டம், 58-ஆம் பிரிவில், இத்தகைய அடமானத்தில் வாடகையை வட்டிக்குப் பதிலாக எடுத்துக்கொள்ளவும் இடம் தருகிறது. அசலில் கழித்துக்கொள்ளவும் இடம் தருகிறது. பின்னதைப் பத்திரத்தில் எழுதினால், மூன்றாண்டு முடிவில் 5 லட்சத்தில் 2,16,000 கழிந்து, வீட்டுக்காரர் திருப்ப வேண்டியது ரூ. 2,84,000 மட்டுமே. எழுதும் வாசகத்தை முன்கூட்டியே ஓர் ஆலிமிடமும் வழக்கறிஞரிடமும் காட்டிக்கொள்வது நல்லது.

வேறு வழி உண்டா?

பல நாடுகளில் குறைந்து செல்லும் கூட்டு என்னும் முறை நடைமுறையில் உள்ளது. வீட்டை நிறுவனமும் நாமும் கூட்டாக வாங்கி, அதன் பங்கைச் சிறிது சிறிதாக நாம் வாங்கிக்கொண்டு, மீதிப் பங்குக்கு வாடகை கொடுத்து வருவது அது. இதற்கு இடையூறாக இருந்த இரட்டை முத்திரைத் தீர்வையை பிரிட்டன் 2003-இல் நீக்கியது. நம் நாட்டில் 2008-இல் ரகுராம் ராஜன் குழு வட்டியில்லா வங்கி முறைக்குப் பரிந்துரை செய்தது. 2017-இல் ரிசர்வ் வங்கி அதை மேற்கொண்டு எடுத்துச் செல்வதில்லை என முடிவு செய்தது. ஆகவே அந்த வாசல் இங்கே வங்கிகளில் திறக்கவில்லை.

ஹலால் என்ற பெயர் மட்டும் போதாது என்பதையும் மறக்க வேண்டாம். 2019 ஜூனில் பெங்களூரில் ஐ.எம்.ஏ. நிறுவனம் சரிந்தபோது, வட்டியில்லா லாபம் என்று நம்பிப் பணம் போட்ட ஆயிரக்கணக்கான முஸ்லிம் குடும்பங்கள் தவித்தன. பெயர் எதுவானாலும், கணக்கைக் கேட்டு வாங்குவது நம் கடமை.

நம் கையில் இருக்கும் வழி பழையது: சேர்த்துக் கட்டுவது. ரூ. 17,995 தவணை கட்டும் சக்தியுள்ளவர், ரூ. 6,000 வாடகை வீட்டில் இருந்துகொண்டு மீதி 12,000-ஐச் சேர்த்தால் பத்தாண்டில் ரூ. 14 லட்சத்து 40 ஆயிரம். இதற்குள் மனை விலையும் கட்டுமானச் செலவும் ஏறும் என்பது உண்மைதான். அதனால்தான் நம் முன்னோர் முதலில் மனை, பிறகு இரண்டு அறை, பிறகு மாடி என்று படிப்படியாகக் கட்டினார்கள். குறைவது உறவினர்களிடம் கர்ளன் ஹஸனாவாகக் கிடைக்குமானால், அதையும் எழுதி, சாட்சி வைத்து வாங்குங்கள். வசதியுள்ளோரும் ஜமாஅத்தினரும் இதற்கென ஒரு நிதி வைத்தால் எத்தனையோ குடும்பங்கள் கரையேறும்.

ஏற்கெனவே கடனில் இருப்பவர்கள்

மனம் தளர வேண்டாம். 9 விழுக்காட்டுக் கடனில் தொடக்கத்திலிருந்தே மாதம் ரூ. 2,000 கூடுதலாகக் கட்டினால், 20 ஆண்டுக் கடன் பதினைந்தரை ஆண்டில் தீரும். சுமார் 6 லட்சம் ரூபாய் வட்டி குறையும். போனஸ் வந்தாலும் நகை விற்றாலும் அசலில் கட்டுங்கள். தனிநபரின் மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டி அடைப்பதற்கு வங்கிகள் அபராதம் வாங்கக் கூடாது என்பது 2012 முதல் உள்ள விதி. கடன் தீர்ந்த 30 நாளுக்குள் பத்திரங்களைத் திருப்பித் தர வேண்டும் என்பது 2023 டிசம்பர் முதல் உள்ள விதி. வில்லங்கச் சான்றில் அடமானம் நீங்கிவிட்டதா என்றும் பார்த்துக்கொள்ளுங்கள்.

குடும்பத் தலைவர் மரணமடைந்தால், வாரிசுகளுக்குப் பாகம் பிரிப்பதற்கு முன் கடன் தீர்க்கப்பட வேண்டும் என்பது மார்க்கச் சட்டம். ஆகையால் கடன் விவரத்தை மனைவியும் வளர்ந்த பிள்ளைகளும் அறிந்திருப்பது அவசியம்.

வீட்டுப் பயிற்சி

இன்றிரவு குடும்பத்தோடு உட்கார்ந்து இவற்றுக்கு விடை எழுதுங்கள்.

1. நம் கடனின் மாதத் தவணையை மொத்த மாதங்களால் பெருக்கினால் வருவது எவ்வளவு?
2. சென்ற ஆண்டு கட்டியதில் அசலுக்குப் போனது எவ்வளவு? (வங்கியின் கணக்குச் சீட்டில் இருக்கும்.)
3. ஆறு மாதம் வேலை இல்லாவிட்டால் தவணைக்கு என்ன வழி?
4. போக்கியத்தில் இருந்தால், ஊர் வாடகைப்படி நாம் பெற்றது அல்லது இழந்தது எவ்வளவு?
5. புதுக் கடன் வாங்குவதாயின், எல்லாக் கட்டணமும் சேர்ந்த ஆண்டுச் செலவு எத்தனை விழுக்காடு? (2024 அக்டோபர் முதல் வங்கி தர வேண்டிய முக்கிய விவரக் குறிப்பில், நமக்குப் புரியும் மொழியில், இது எழுதியிருக்க வேண்டும்.)

"எனக்கு வேறு வழியே இல்லை, இது நிர்ப்பந்தம்தானே?" என்று கேட்பவர்கள், வேலூர் பாக்கியாத்துஸ் ஸாலிஹாத்திலோ உமராபாத் தாருஸ்ஸலாமிலோ, தம் ஊர் ஆலிமிடமோ சென்று மார்க்கத் தீர்ப்பைக் கேட்கட்டும். போகும்போது மாதத் தவணையை மட்டும் சொல்லாமல், இந்த விடைத்தாளையும் கையில் கொண்டு போகட்டும். முழுக் கணக்கைப் பார்த்தால்தான் நிர்ப்பந்தம் எது, ஆசை எது என்பது கேட்பவருக்கும் விளங்கும், சொல்பவருக்கும் விளங்கும்.

வல்ல அல்லாஹ் நம் வீடுகளை ஹலாலான பொருளால் எழுப்பி, கடனின் சுமையிலிருந்து நம்மையும் நம் சந்ததியையும் காத்தருள்வானாக! ஆமீன்.