பெட்டி வேறு, தூள் ஒன்று

அன்பின் மருமகளுக்கு,

குரோம், எட்ஜ், ஒபேரா, பிரேவ்: இவற்றில் எது நல்ல பிரவுசர் என்று கேட்டிருந்தாய். ஒரே தேயிலை ஸ்டோரில் அரைத்த தூளை நாலு கம்பெனி நாலு பெட்டியில் போட்டு விற்பதைப் பார்த்திருப்பாய். இதுவும் அப்படித்தான். உன் அன்ட்ரொய்ட் போனில் இந்த நாலுக்குள்ளும் ஓடுவது பிளிங்க் என்ற ஒரே எஞ்சின்.

சேர்வரிலிருந்து போனுக்கு வருவது எச்டிஎம்எல், சிஎஸ்எஸ் என்ற வெறும் எழுத்துக் கோப்புகள். அவற்றை வாசித்து, எது எங்கே எந்த அளவில் நிற்க வேண்டும் என்று கணக்குப் பார்த்துத் திரையில் வரைவது எஞ்சினின் வேலை. தமிழுக்கு அதில் கூடுதல் வேலை உண்டு. 'கெ' என்பது யுனிகோடில் முதலில் க, பிறகு கொம்பு என்றே பதிவாகிறது. திரையிலோ கொம்பு முன்னால் வர வேண்டும். குரோமிலும் பயர்பொக்ஸிலும் இந்த இடமாற்றத்தைச் செய்வது ஹார்ஃப்பஸ் என்ற இலவச மென்பொருள்.

பிளிங்கின் வேர், கேடிஈ என்ற தன்னார்வலர் குழு 1990களின் கடைசியில் எழுதிய கேஎச்டிஎம்எல். அதை அப்பிள் எடுத்து வெப்கிட் ஆக்கி, 2003இல் சபாரியை வெளியிட்டது. மதுரையில் பிறந்த சுந்தர் பிச்சை முன்னின்று வளர்த்த குரோமும் 2008இல் வெப்கிட்டில்தான் தொடங்கியது; 2013இல் கூகுள் அதிலிருந்து பிரித்தெடுத்ததே பிளிங்க். அதே ஆண்டு ஒபேரா தன் சொந்த எஞ்சினைக் கைவிட்டு இதற்கு மாறியது. 2020இல் மைக்ரோசொப்டின் எட்ஜும் அந்த வழிக்கு வந்தது. ஸோஹோவின் உலா என்ற பிரவுசரும் இதே குடும்பம். விஎஸ் கோட், டிஸ்கோர்ட் போன்ற செயலிகள் எலக்ட்ரோன் என்ற கட்டமைப்பின் வழியாக, குரோமின் அடித்தளமான குரோமியத்தை முழுதாகவே தம்மோடு சுமக்கின்றன. பாடசாலையின் பழைய கணினி அவற்றைத் திறந்ததும் திணறுவதற்கு அது ஒரு காரணம். பெரிய அளவில் மிஞ்சியிருக்கும் மற்ற எஞ்சின்கள் இரண்டே: அப்பிளின் வெப்கிட், பயர்பொக்ஸின் கெக்கோ.

ஒன்றே போதாதா என்பாய். 2000களின் தொடக்கத்தில் இன்டர்நெட் எக்ஸ்புளோரர் ஒன்றே ஆண்டது. பல தமிழ்த் தளங்கள் தமக்கென ஓர் எழுத்துருவை வைத்து, அந்த பிரவுசருக்கு மட்டும் புரியும் கோப்பாக அனுப்பின. வேறெதில் திறந்தாலும் தமிழ் இருக்க வேண்டிய இடத்தில் அர்த்தமில்லாத குறிகள். பாமினி எழுத்துருவில் அடித்த கோப்பை, அந்த எழுத்துரு இல்லாத கணினியில் திறந்தால் இன்றும் அதைப் பார்க்கலாம். யுனிகோடும் பொதுத் தரங்களும் பரவிய பின்தான் அந்தக் கட்டு அவிழ்ந்தது. குரோமில் மட்டும் சரிபார்த்துத் தளம் வெளியிடுகிறவர்கள் அதே கட்டை மறுபடியும் போடுகிறார்கள்.

ஆகவே பெட்டியைப் பார்த்துத் தேர்வு செய்யாதே. குரோமோடு பயர்பொக்ஸையும் வைத்துக்கொள். உன் பாடசாலையைப் பற்றித் தமிழில் ஒரு பக்கம் செய்து, இரண்டிலும் திறந்து பார். ஓர் எழுத்தோ வரியோ பிசகினால் முதலில் நீ எழுதியதைச் சரிபார். பிழை எஞ்சினில்தான் என்று தெரிந்தால், அதைப் பதிய குரோமியமும், பயர்பொக்ஸை உருவாக்கும் மொசில்லாவும் பொதுப் பட்டியல் வைத்திருக்கின்றன. ஆங்கிலத்தில் நாலு வரி எழுதத் தெரிந்த யாரும் பதியலாம். பசறை வீதியில் பஸ்ஸிலிருந்து நீ பார்க்கும் ஊவா வெல்லஸ்ஸப் பல்கலைக்கழகத்துக்குப் போகும் வரை அதற்காகக் காத்திருக்கத் தேவையில்லை.

அன்புடன்,
மாமா
பதுளை