கமிஷனர் மனு தள்ளுபடியான பிறகு

அன்புள்ள மதி,

கடிதம் கிடைத்தது. வரப்புத் தகராறில் நீ போட்ட வக்கீல் கமிஷனர் மனுவை முன்சீப் தள்ளுபடி செய்துவிட்டார். கட்சிக்காரரோ "உடனே ஹைகோர்ட்டுக்குப் போங்கம்மா" என்று ஒற்றைக்காலில் நிற்கிறார். போக வழி இருக்கிறதா என்று கேட்கிறாய்.

முதலில் மேல்முறையீடு. உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 104ஆம் பிரிவையும் 43ஆம் கட்டளை முதல் விதியையும் எடுத்துப் பார். தற்காலிகத் தடை உத்தரவு அந்தப் பட்டியலில் உண்டு, கமிஷனர் மனு கிடையாது.

அடுத்து 115ஆம் பிரிவு, சீராய்வு. ஒரு காலத்தில் சின்னச் சின்ன இடைக்கால உத்தரவுக்கெல்லாம் சி.ஆர்.பி. என்கிற சீராய்வு மனு போட்டுவிடுவோம், அது முடியும்வரை கீழே வழக்கு தூங்கும். நானும் போட்டவன்தான். 2002 ஜூலை 1 முதல் அந்த வழியைச் சட்டம் இறுக்கிவிட்டது. இப்போது நீ கேட்டுக்கொள்ள வேண்டியது இது: அந்த மனு நமக்குச் சாதகமாகியிருந்தால் வழக்கே அத்தோடு முடிந்திருக்குமா? வழக்குரையை நிராகரிக்கச் சொல்லி மனு போட்ட பிரதிவாதி தோற்றால், முடிந்திருக்கும் என்று சொல்லலாம். அவருக்குச் சீராய்வு உண்டு. கமிஷனர் வந்து வரப்பை அளந்தால்? அறிக்கைக்கு ஆட்சேபணை போடவே எதிர்த்தரப்பு நாலு வாய்தா வாங்கும்!

மிச்சம் அரசியலமைப்பின் 227. சிவில் கோர்ட் உத்தரவை 226இன் கீழ் ரிட் போட்டுக் கேட்க முடியாது என்று 2015இல் ராதே ஷ்யாம் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. 227 மட்டும் இருக்கிறது. ஆனால் அது மேற்பார்வை அதிகாரம். முன்சீப் செய்தது தவறு என்றால் போதாது. அதிகார வரம்பை மீறினார், அல்லது கையிலிருந்த அதிகாரத்தைச் செலுத்தவே மறுத்தார் என்கிற அளவுக்குக் காட்ட வேண்டும். இன்று வரும் 227 மனுக்களில் பாதி, வேஷம் மாற்றிய மேல்முறையீடுகள் என்பது என் எண்ணம். அப்படியே மனுவுக்கு நம்பர் கிடைத்தாலும், தடை வாங்காதவரை கீழே வழக்கு நிற்காது. கட்சிக்காரரிடம் இதை முதலிலேயே சொல்லிவிடு.

ஹைகோர்ட் என்றதும் நினைவுக்கு வருகிறது, இரண்டாம் மேல்முறையீட்டில் நான் பட்டதையும் சொல்கிறேன். ஒரு பாதை வழக்கு. இரண்டு கோர்ட்டிலும் தோல்வி. பதினான்கு காரணங்கள் எழுதிக்கொண்டு போய் நின்றேன். நீதிபதி புரட்டிப் பார்த்துவிட்டு, "இதில் சட்டக் கேள்வி எது?" என்றார். பதினான்கும் எந்தச் சாட்சியை நம்பலாம், எவரை நம்பக்கூடாது என்பதுதான். அனுமதிக் கட்டத்திலேயே போயிற்று. 1976 திருத்தத்துக்குப் பின் 100ஆம் பிரிவில் கணிசமான சட்டக் கேள்வி இருந்தே ஆக வேண்டும். இருந்தால் அதை உயர் நீதிமன்றமே வகுத்து எழுதும். பொருண்மை முடிவு எவ்வளவு மோசமான தவறானாலும் இரண்டாம் மேல்முறையீடு கிடையாது என்று பிரிவி கவுன்சில் 1890லேயே சொன்னது. சாட்சியமே இல்லாமல் வந்த முடிவு என்றால் கதை வேறு, அது சட்டக் கேள்வியாகிவிடும். இருபத்தைந்தாயிரம் ரூபாய்க்கு மேற்படாத பண வழக்கா? 102ஆம் பிரிவு வாசலிலேயே நிறுத்திவிடும்.

உன் விஷயத்துக்கு வருகிறேன். நகல் மனு போட்டு உத்தரவை வாங்கி, காரணத்தைப் படி. 'இந்தக் கட்டத்தில் தேவையில்லை' என்று எழுதியிருந்தால், சாட்சியம் முடிந்தபின் மறுபடி கேட்கலாம். திட்டவட்டமாக மறுத்திருந்தாலும் 105ஆம் பிரிவு இருக்கிறது: இறுதித் தீர்ப்பைப் பாதித்திருந்தால், மேல்முறையீட்டில் இதையும் ஒரு காரணமாக எழுதலாம். பலரும் மறந்துபோகிற பிரிவு.

புலப்படம் எடுத்தாயா? உன் கடிதத்தில் அதைப் பற்றிப் பேச்சே இல்லை. தாலுகா அலுவலகத்தில் சான்றிட்ட நகல் வாங்கி எக்ஸிபிட்டாகக் குறியிட்டுவிடு. எல்லைக்கல் எங்கே இருந்தது என்று பக்கத்து நிலத்துக்காரரைக் கூண்டில் ஏற்று. உட்பிரிவு எண்ணை மட்டும் பட்டாவோடு ஒப்பிட்டுப் பார். போன கடிதத்தில் இரண்டு விதமாக எழுதியிருந்தாய்.

அன்புடன்,
பெரியப்பா