நகர விளையாட்டு வளாகமும் அதன் பயன்பாடும்: டில்லி நகரின் அனுபவம்

ஒரு நகரத்தில் விளையாட்டு வளாகம் அமைக்கப்படும்போது இருக்கைகள் எத்தனை, செலவு எத்தனை கோடி என்பனவே முதலில் பேசப்படுகின்றன. கட்டி முடித்த பின்னர் நாள்தோறும் அங்கு எத்தனை பேர் விளையாடுகின்றனர் என்று கேட்போர் சிலரே. பொருளாதார நோக்கில் இக்கேள்வியே முதன்மையானது.

டில்லி நகரின் அனுபவம் இதனை நன்கு விளக்கும். 1982 நவம்பர் - டிசம்பரில் அங்கு நடைபெற்ற ஒன்பதாவது ஆசிய விளையாட்டுப் போட்டிகளுக்காக ஜவஹர்லால் நேரு விளையாட்டரங்கம், இந்திரப்பிரஸ்த உள்விளையாட்டரங்கம், தால்கட்டோரா நீச்சற்குளம் ஆகியன எழுப்பப்பட்டன. போட்டிகள் பதினாறு நாட்களில் முடிந்துவிட்டன, அரங்கங்கள் நின்றன. அவற்றைப் பராமரிக்கும் பொறுப்பையும் ஏற்ற இந்திய விளையாட்டு ஆணையம் 1984-இல்தான் நிறுவப்பட்டது. கட்டடம் முன்னே வந்தது. அதனை நடத்தும் அமைப்பு பின்னே வந்தது. 2010 அக்டோபரில் காமன்வெல்த் போட்டிகளுக்கென இவ்வரங்கங்களுட் பல புதுப்பிக்கப்பட்டன. அவற்றைப் பொதுமக்களுக்குத் திறந்துவிடும் 'வந்து விளையாடுங்கள்' திட்டம் மறு ஆண்டு, 2011-இல், தொடங்கியது.

டில்லி வளர்ச்சி ஆணையத்தின் வளாகங்கள் வேறு வழியில் வந்தவை. சிரி கோட்டை, யமுனை வளாகங்கள் குடியிருப்புகளை ஒட்டி, அன்றாடப் பயன்பாட்டுக்கென நடத்தப்படுபவை. 2010-இல் முன்னதில் பூப்பந்தும், பின்னதில் மேசைப் பந்தும் நடைபெற்றன. அக்கம்பக்கத்தார் விளையாடும் இடத்திலும் பன்னாட்டுப் போட்டியை நடத்த இயலும் என்பதற்கு இவை சான்று. பெருவிழாவுக்கெனக் கட்டிய அரங்கத்தை அக்கம்பக்கத்தாருக்கு உரியதாக்குவது அத்துணை எளிதன்று.

செலவின் இயல்பை மாணவர்கள் இங்குக் கருத்தூன்றிக் காணவேண்டும். ஒரு பூப்பந்து ஆடுகளத்தில் மணிக்கு நால்வர் ஆடுவதாகக் கொள்வோம். காலையும் மாலையுமாக 5 மணி நேரம் மட்டும் அது பயன்பட்டால் நாளொன்றுக்கு 20 பேர் ஆடுவர். 16 மணி நேரமும் பயன்பட்டால் 64 பேர். கூரை, தரை, காவல் ஆகியவற்றின் செலவு இரண்டிலும் ஏறக்குறைய ஒன்றே. மின்சாரமும் பணியாளர் ஊதியமும் சிறிது கூடும், அவ்வளவே. ஆகவே முதல் நிலையில் தலைக்கு ஆகும் நிலைச் செலவு மும்மடங்குக்கும் அதிகம். நீச்சற்குளத்தின் கணக்கு இன்னும் கடினமானது. வெந்நீர் வசதியற்ற குளம் டில்லியின் குளிர்காலத்தில் மூடிக்கிடக்கும். கட்டட முதலீடோ ஆண்டு முழுவதற்கும் உரியது.

நடுப்பகலில் ஆடுகளங்கள் வெறுமையாகக் கிடக்கின்றன. அதே நேரத்தில் அருகிலுள்ள பள்ளிகளிற் சிலவற்றில் ஓடுவதற்குத் திடல் இல்லை. 2009-ஆம் ஆண்டின் கல்வி உரிமைச் சட்டம் பள்ளிக்கு விளையாட்டுத் திடல் வேண்டும் என்கிறது. நெருக்கமான நகர்ப்பகுதியில் நிலத்துக்கு எங்கே போவது? வளாகத்தின் நடுப்பகல் நேரத்தைப் பள்ளிகளுக்கு ஒதுக்குவதே இதற்குச் செலவு குறைந்த வழி என்பது எமது கருத்து.

கட்டணத்தை நிர்ணயிப்பதிலும் இத்தகைய சிந்தனை தேவை. மாத உறுப்பினர் கட்டணம் நிலையான வருவாயுள்ள குடும்பத்துக்குப் பொருந்தும். மறுகுடியமர்வுப் பகுதியிலிருந்து வரும் இளைஞனுக்கு ஒருநாள் சீட்டே கைக்கெட்டும். மாலை நெரிசல் நேரத்தில் கூடுதலாகவும் பகலில் மிகக் குறைவாகவும் வாங்குவது முறையாகும். எனினும் கட்டணம் மட்டுமே தடையன்று. விண்ணப்பப் படிவம், காலணி விதி, வாயிற்காவலரின் பார்வை ஆகியனவும் சிலரைத் திருப்பி அனுப்பிவிடுகின்றன. பெண்களுக்கு வெளிச்சமான பாதையும், தூய கழிப்பறையும், வீடு திரும்பப் பேருந்தும் இல்லையேல் குறைந்த கட்டணத்தாலும் பயனில்லை.

நிர்வாக ஆணையின் ஆற்றலையும் குறைத்து மதிப்பிடலாகாது. வீரர்கள் மாலையில் முன்னதாகவே வெளியேற்றப்படுவதாகச் செய்தி வந்ததையடுத்து, 2022 மே மாதத்தில், அரசு விளையாட்டு வளாகங்களை இரவு 10 மணி வரை திறந்துவைக்குமாறு டில்லி அரசு ஆணையிட்டது. இதற்குப் புதிய கட்டடம் எதுவும் தேவைப்படவில்லை.

அரசியலமைப்பில் விளையாட்டு மாநிலப் பட்டியலைச் சேர்ந்தது. 1992-ஆம் ஆண்டின் 74-ஆவது திருத்தம் சேர்த்த பன்னிரண்டாம் அட்டவணையில் பூங்காக்களும் விளையாட்டுத் திடல்களும் நகராட்சிப் பணிகளாகக் குறிக்கப்பட்டுள்ளன. ஆதலின் இக்கணக்கை நகராட்சி அலுவலரும் வைத்திருத்தல் வேண்டும். அதற்குப் பெரிய ஆய்வு தேவையில்லை. வாயிற் பதிவேட்டில் பெயரும் நேரமும் எழுதும்போது, வயது, ஆணா பெண்ணா, வசிக்கும் பகுதி என மூன்று பத்திகளைச் சேர்த்து, மாதந்தோறும் கூட்டிப் பார்த்தாலே போதும்.